மக்கள் பெருகினால் வளம் தீர்ந்துவிடுமா? நீங்களே கணக்குப் போட்டுப் பார்ப்பது எப்படி

"உலக மக்கள்தொகை 800 கோடியைத் தாண்டிவிட்டது, இனி பூமி தாங்காது" என்று ஒருவர் எழுதுகிறார். அடுத்த பத்து நிமிடத்தில் இன்னொருவர், "ஜப்பானிலும் சீனாவிலும் ஆளே குறைந்துகொண்டு வருகிறார்கள், மக்கள்தொகைப் பெருக்கமெல்லாம் பழைய கதை" என்று எழுதுகிறார். இரண்டு பேர் சொல்லும் எண்ணும் சரியாகத்தான் இருக்கும், ஆனால் அந்த எண்ணிலிருந்து தாவிப் பிடிக்கும் முடிவு பெரும்பாலும் சரியாக இருக்காது. இதைச் சரிபார்க்கப் பெரிய படிப்பெல்லாம் வேண்டாம். பெருக்கல், வகுத்தல், போனில் இருக்கிற கால்குலேட்டர், கொஞ்சம் பொறுமை இருந்தால் போதும்.

முதலில் தலைக்கணக்கு

செய்தியில் பில்லியன் என்று வந்தால் உடனே 100 கோடியால் பெருக்கி எழுதிக்கொள்ளுங்கள், மில்லியன் என்றால் 10 லட்சம். அற்பமான வேலை மாதிரித் தெரியும், ஆனால் பார்வேர்டு ஆகி வரும் தகவல்களில் பாதித் தவறு இந்தச் சைபர்களில்தான் நடக்கிறது.

அடுத்து, வளர்ச்சி வேகம் வேறு, வருடத்துக்குக் கூடும் ஆட்கள் வேறு. இந்த இரண்டையும் குழப்பிக்கொள்வதால்தான் "பெருகுகிறது", "குறைகிறது" என்று இரண்டு கட்சியும் ஒரே நேரத்தில் ஜெயித்ததாக நினைத்துக்கொள்கின்றன. 1960களின் நடுவில் உலகில் ஏறக்குறைய 330 கோடிப் பேர், வளர்ச்சி வேகம் வருடத்துக்கு 2 சதவீதத்துக்குக் கொஞ்சம் மேல். பெருக்கிப் பாருங்கள், ஒரு வருடத்தில் சுமார் 7 கோடிப் பேர் கூடியிருக்கிறார்கள். இப்போது 800 கோடிக்கு மேல், வேகம் 1 சதவீதத்துக்கும் கீழே, 0.85 என்று வைத்துக்கொள்ளலாம். அதையும் பெருக்குங்கள். மறுபடியும் சுமார் 7 கோடி! வேகம் பாதிக்கும் கீழே இறங்கியது உண்மை, வருடா வருடம் சாப்பிட வந்து சேரும் ஆட்கள் குறையவில்லை என்பதும் உண்மை. (நடுவில், 1980களின் இறுதியில், இது வருடத்துக்கு 9 கோடியையும் தாண்டிப் போய்விட்டு இறங்கியிருக்கிறது.)

ஆண்டுகளை வைத்துப் பார்த்தாலும் இதே கதைதான். 300 கோடி ஆனது 1960ல், 600 கோடி ஆனது 1999ல், அதாவது 39 வருடத்தில் இரட்டிப்பு. 700 கோடி 2011ல். 800 கோடி ஆன நாளாக ஐ.நா. குறித்தது 2022 நவம்பர் 15. எழுபதை வளர்ச்சி சதவீதத்தால் வகுத்தால் இரட்டிப்பாக எத்தனை வருடம் ஆகும் என்பது வந்துவிடும், கைவசம் வைத்துக்கொள்ள நல்ல குறுக்குவழி. ஆனால் வேகம் மாறாமல் இருந்தால்தான் அது பலிக்கும். இன்றைய வேகத்தை வைத்து "இன்னும் 80 வருடத்தில் 1,600 கோடி" என்று யாராவது எழுதினால் நம்ப வேண்டாம், ஏனென்றால் வேகமே இறங்கிக்கொண்டிருக்கிறது. ஐ.நா.வின் 2024 கணிப்புப்படி 2080களின் நடுவில் ஏறக்குறைய 1,030 கோடியில் உச்சம் தொட்டு, அப்புறம் மெல்ல இறங்கும். இதே ஐ.நா. 2015ல் கணித்தபோது 2100ல் 1,120 கோடி இருக்கும், அப்போதும் ஏறிக்கொண்டிருக்கும் என்றது. ஆகவே எந்தக் கணிப்பை எடுத்தாலும் அது எந்த வருடத்தில் வெளியான பதிப்பு என்று பாருங்கள்.

ஒரு பெண்ணுக்குச் சராசரியாக எத்தனை குழந்தைகள் என்ற எண்ணையும் குறித்துக்கொள்ளுங்கள். 1960களில் உலகச் சராசரி 5 அளவில் இருந்தது, இப்போது 2.3க்கும் கொஞ்சம் கீழே. 2.1க்கு வந்தால் தலைமுறைக்குத் தலைமுறை ஈடாகும், பெருக்கம் நிற்கும் என்பார்கள். உடனே நிற்காது. சீனாவில் அந்த எண் 1990களின் தொடக்கத்திலேயே 2.1க்குக் கீழே போய்விட்டது, ஆனால் மொத்த மக்கள்தொகை இறங்கத் தொடங்கியது 2022ல்தான். முப்பது வருடம்! முன்பு பிறந்த பெரிய தலைமுறை வளர்ந்து பிள்ளை பெறும் வயதுக்கு வருகிறதே, அவர்கள் ஆளுக்கு இரண்டு பெற்றாலும் மொத்தம் கூடத்தான் செய்யும். இந்த முப்பது வருடத் தாமதத்தை மனதில் வையுங்கள், கடைசியில் தீர்வுகளைப் பற்றிப் பேசும்போது தேவைப்படும்.

பெருக்கலைப் பிரித்துப் பாருங்கள்

இதுதான் முக்கியமான இடம், இதை மட்டும் செய்தால்கூட பாதிப் புகை விலகிவிடும். ஒரு வளத்தின் மொத்தப் பயன்பாடு என்பது ஆட்களின் எண்ணிக்கையை ஓர் ஆள் பயன்படுத்தும் அளவால் பெருக்கினால் வருவது. 1970களின் தொடக்கத்தில் அமெரிக்க அறிவியலாளர்கள் பால் எர்லிக்கும் ஜான் ஹோல்ட்ரனும் இதை இன்னும் ஒரு படி உடைத்தார்கள்: ஆட்கள், ஆளுக்கு எவ்வளவு வசதி, அந்த வசதியைத் தயாரிக்கும் தொழில்நுட்பம் எவ்வளவு வளம் தின்கிறது என்று மூன்றாக. பேராசிரியர்கள் இதை வைத்து இன்றைக்கும் சண்டை போடுகிறார்கள், நமக்கு இரண்டாக உடைத்தாலே போதும்.

செய்து பார்க்கலாம். பூமியிலிருந்து மனிதர்கள் ஒரு வருடத்தில் எடுக்கும் எல்லாப் பொருள்களையும் (மணல், கல், உலோகத் தாது, நிலக்கரி, எண்ணெய், பயிர், மரம்) எடைபோட்டுக் கூட்டி ஐ.நா. சுற்றுச்சூழல் திட்டம் கணக்கு வெளியிடுகிறது. அதன் 2024 அறிக்கைப்படி 1970ல் சுமார் 3,000 கோடி டன், 2024ல் சுமார் 10,660 கோடி டன். மூன்றரை மடங்கு. இதை மட்டும் போட்டுவிட்டு "மக்கள்தொகை வெடிப்பின் விளைவு" என்று தலைப்பு வைத்துவிடலாம், பலர் வைக்கிறார்கள்.

இப்போது பிரியுங்கள். 1970ல் 370 கோடிப் பேர், 2024ல் 810 கோடி என்று வைத்தால் ஆட்கள் கூடியது 2.2 மடங்கு. மூன்றரையை 2.2ஆல் வகுத்தால் 1.6. அதாவது ஓர் ஆளுக்கு ஆகும் பொருள் 1.6 மடங்கு ஆகியிருக்கிறது, அறிக்கையும் ஆளுக்கு 8.4 டன்னிலிருந்து 13.2 டன் என்றுதான் சொல்கிறது. ஆகவே மக்கள்தொகைக்குப் பெரிய பங்கு உண்டு, மறுக்க முடியாது. ஆனால் ஆள் எண்ணிக்கை 1970லேயே உறைந்து நின்றிருந்தாலும், ஆளுக்கு ஆகும் செலவு மட்டும் இப்படிக் கூடியிருந்தால், பூமியிலிருந்து எடுப்பது அப்போதும் ஒன்றரை மடங்குக்கு மேல் ஆகியிருக்கும். இரண்டில் ஒன்றை மட்டும் சொல்பவர் பாதிக் கணக்கைத்தான் சொல்கிறார், அது எந்தப் பக்கத்து ஆளாக இருந்தாலும்.

சராசரியையும் அப்படியே நம்பிவிடாதீர்கள். அந்த 13 டன்னை எல்லோரும் சமமாகப் பயன்படுத்துவதில்லை. பணக்கார நாடுகளில் ஆளுக்கு ஆகும் பொருள், ஏழை நாடுகளில் ஆவதைப்போல ஆறு மடங்கு என்று அதே அறிக்கை சொல்கிறது. கார்பன் டைஆக்சைடிலும் இப்படித்தான், அமெரிக்காவில் ஆளுக்கு வருடம் 14, 15 டன், இந்தியாவில் 2 டன் அளவு, பல ஆப்பிரிக்க நாடுகளில் 1 டன்கூட இல்லை. இன்று ஆட்கள் வேகமாகக் கூடும் நாடுகள் பெரும்பாலும் ஆளுக்கு மிகக் குறைவாகச் செலவழிக்கும் நாடுகள்தான், ஆகவே "அங்கே பிறக்கும் குழந்தைகளால்தான் பூமி சூடாகிறது" என்ற வாதம் இந்த ஒரு வகுத்தலிலேயே விழுந்துவிடும். அந்தக் குழந்தைகள் வளர்ந்து மற்றவர்களைப் போல வாழ நினைப்பார்கள், நினைக்கவும் வேண்டும், அதுவும் கணக்கில் சேரும்தான். ஆனால் அது வருங்காலத்துக் கணக்கு, இன்றைய பில்லை அவர்கள் தலையில் கட்டக் கூடாது.

இன்னொரு சின்ன விஷயம். சில வளங்களுக்கு ஆளைவிட வீட்டை எண்ணுவது சரியாக இருக்கும். குடும்பங்கள் சிறிதாகிக்கொண்டே போவதால் பல நாடுகளில் வீடுகளின் எண்ணிக்கை ஆட்களைவிட வேகமாகக் கூடுகிறது, ஒவ்வொரு வீட்டுக்கும் கூரை, குளிர்சாதனப் பெட்டி, மின் இணைப்பு எல்லாம் வேண்டும். மின்சாரம், சிமெண்ட் பற்றிய செய்தி என்றால் இதையும் பாருங்கள்.

எந்த வளம் என்று கேளுங்கள்

"இயற்கை வளம் தீர்கிறது" என்று மொத்தமாகச் சொன்னால் சரிபார்க்கவே முடியாது. பெயர் சொல்லச் சொல்லுங்கள். பெயர் வந்ததும் அது எந்த வகை என்று பாருங்கள். ஆற்று நீர் மாதச் சம்பளம் மாதிரி, வருடா வருடம் இவ்வளவுதான் வரும். ஆழ்நிலத்தடி நீர் பல இடங்களில் சேமிப்பு மாதிரி, எடுத்தால் குறையும், நிரம்பப் பல தலைமுறை ஆகும். ஒவ்வொரு வகைக்கும் கணக்கு வேறு.

சம்பள வகைக்கு ஒன்றை முழுசாகப் பார்ப்போம், எகிப்து. அந்த நாட்டுக்குக் கிட்டத்தட்ட எல்லாத் தண்ணீரும் நைல் நதியிலிருந்து வருகிறது. 1959ல் சூடானோடு போட்ட ஒப்பந்தப்படி எகிப்தின் பங்கு வருடத்துக்கு 5,550 கோடி கன மீட்டர். அப்போது அங்கே ஏறக்குறைய 2.7 கோடிப் பேர். வகுத்தால் ஆளுக்கு 2,000 கன மீட்டருக்குக் கொஞ்சம் மேல். இன்று 11 கோடிக்கு மேல், 11.5 என்று போட்டுப் பாருங்கள், ஆளுக்கு 480 சொச்சம் வரும். ஸ்வீடன் நாட்டு நீரியல் அறிஞர் மாலின் ஃபால்கன்மார்க் வகுத்த அளவுகோல் ஒன்று உண்டு: ஆளுக்கு வருடம் 1,700 கன மீட்டருக்குக் கீழே போனால் நெருக்கடி தொடங்குகிறது, 1,000க்குக் கீழே பற்றாக்குறை, 500க்குக் கீழே கடும் பற்றாக்குறை. ஆற்றில் ஒரு சொட்டுகூடக் குறையாமல், ஆள் கூடியதாலேயே எகிப்து அந்த மூன்று கோடுகளையும் ஒவ்வொன்றாகத் தாண்டியிருக்கிறது. மக்கள்தொகைதான் காரணம் என்று தயங்காமல் சொல்லக்கூடிய இடம் இது.

ஆனால் கணக்கை அங்கேயே நிறுத்தக் கூடாது. ஆளுக்கு 500 கன மீட்டர்கூட இல்லாத நாடு எப்படி ஓடுகிறது என்று அடுத்த கேள்வியைக் கேளுங்கள். வயலில் பாய்ந்து வடிகாலில் வரும் நீரைத் திரும்பவும் பயன்படுத்துகிறார்கள். கோதுமையை வெளியிலிருந்து வாங்குகிறார்கள், உலகிலேயே அதிகமாகக் கோதுமை இறக்குமதி செய்யும் நாடுகளில் எகிப்தும் ஒன்று. ஒரு டன் கோதுமை வாங்கினால் அதை விளைவிக்க ஆன தண்ணீரையும் சேர்த்து வாங்கிய மாதிரிதான். அதனால் தண்ணீர் நெருக்கடி குழாயில் தெரியாமல் துறைமுகத்தில் தெரிகிறது, 2022ல் தனக்குக் கோதுமை விற்கும் ரஷ்யாவும் உக்ரைனும் போரில் இறங்கியதும் எகிப்து பதறியதற்கு அதுதான் காரணம். மேலே, நைலின் கிளையான நீல நைலில் எத்தியோப்பியா பெரிய அணை கட்டியதும், அந்த நாட்டிலும் இப்போது 12 கோடிக்கு மேல் ஆட்கள் இருப்பதும் இதே கணக்கின் அடுத்த வரி.

சேமிப்பு வகையில் எண்ணெய், தாது எல்லாம் வரும். "இன்னும் 50 வருடத்துக்குத்தான் எண்ணெய்" என்பதைப் பலமுறை கேட்டிருப்பீர்கள். உறுதி செய்யப்பட்ட கையிருப்பை ஒரு வருட உற்பத்தியால் வகுத்து வரும் எண் அது. 1980ல் இதே கணக்குக்குச் சுமார் 30 வருடம் என்று விடை வந்தது, 2020ல் 50 வருடத்துக்கு மேல்! நாற்பது வருடம் எடுத்த பிறகு மிச்சம் கூடியிருக்கிறது. மாயமில்லை, கையிருப்பு என்று அவர்கள் சொல்வது இன்றைய விலையில், இன்றைய கருவியால், லாபமாக எடுக்க முடிவதை மட்டும்தான். விலை ஏறினால், கருவி மாறினால், தேடல் கூடினால் அந்த எண்ணும் மாறும். அதனால் "இத்தனை வருடத்தில் தீரும்" என்பதை விட்டுவிட்டு, எடுக்க எடுக்க எவ்வளவு ஆழம், எவ்வளவு செலவு, எவ்வளவு கழிவு கூடுகிறது என்று பாருங்கள்.

மீன், காடு, மண் மூன்றும் இரண்டுக்கும் நடுவில். அளவோடு எடுத்தால் வந்துகொண்டே இருக்கும், ஒரு கோட்டைத் தாண்டினால் சரிந்துவிடும். உலகக் கடல் மீன்வளங்களில் அளவுக்கு மீறிப் பிடிக்கப்படுபவை 1974ல் 10 சதவீதம், 2021ல் 37.7 சதவீதம் என்று ஐ.நா. உணவு வேளாண் அமைப்பு சொல்கிறது.

எடுப்பது யார் என்று பாருங்கள்

வளம் தீர்ந்த இடத்தில் இருப்பவர்கள்தான் தீர்த்தவர்கள் என்று நினைத்துக்கொள்வது மிகச் சாதாரணமாக நடக்கும் தவறு. கனடாவின் நியூஃபவுண்ட்லாந்தில் ஆறு லட்சம் பேர்கூட இல்லை. அதன் கரையோரத்தில் காட் மீன் கொட்டிக் கிடந்தது, 1968ல் மட்டும் 8 லட்சம் டன் அளவுக்குப் பிடித்தார்கள், பெரும்பகுதியைப் பிடித்தவை வேறு நாடுகளிலிருந்து வந்த பெரிய இழுவைக் கப்பல்கள். அப்புறம் கனடா தன் கடல் எல்லையை நீட்டி அந்தக் கப்பல்களை விரட்டியது, ஆனால் உள்நாட்டுக் கப்பல்களும் அதே வேகத்தில் வாரின. 1992ல் அரசு மீன்பிடிப்பையே நிறுத்த வேண்டி வந்தது, பல்லாயிரம் பேருக்கு வேலை போனது. இதில் உள்ளூர் மக்கள்தொகைப் பெருக்கத்துக்கு என்ன வேலை?

மத்திய ஆசியாவில் இருக்கும் ஏரல் கடலும் அதே மாதிரி. உலகின் நான்காவது பெரிய ஏரியாக இருந்தது. 1960களிலிருந்து சோவியத் அரசு அமு தரியா, சிர் தரியா ஆறுகளைப் பருத்தி வயல்களுக்குத் திருப்பியது, ஏரி வற்றியது. அங்கே ஆட்கள் கூடியதும் உண்மை, ஆனால் நீரைக் குடித்தது வெளியே போகும் பருத்தி. ஆகவே ஓர் இடத்தில் ஏரியோ நிலத்தடி நீரோ வற்றியது என்று படித்தால், அங்கே விளைவது எங்கே போகிறது என்று ஒரு தேடல் தேடுங்கள். உலகில் எடுக்கப்படும் நன்னீரில் 70 சதவீதம் அளவுக்கு விவசாயத்துக்குப் போகிறது, வீடுகளுக்குப் போவது எட்டில் ஒரு பங்கு போலத்தான். பல் தேய்க்கும்போது குழாயை மூடச் சொல்லும் அறிவுரை நல்ல அறிவுரைதான், ஆனால் அதை வைத்து ஓர் ஆற்றைக் காப்பாற்ற முடியாது.

"தொழில்நுட்பம் பார்த்துக்கொள்ளும்" என்றால்

இந்தப் பக்கத்து ஆட்களிடமும் கணக்குக் கேளுங்கள். அவர்கள் கையில் வலுவான எடுத்துக்காட்டு இருக்கிறது: 1961லிருந்து உலக மக்கள்தொகை 2.6 மடங்கு ஆனது, தானிய உற்பத்தி மூன்றரை மடங்கு ஆனது, ஆனால் தானியம் விளையும் நிலம் கூடியது சுமார் 15 சதவீதம்தான். மக்கள் பெருகும் வேகத்துக்கு உணவு ஈடுகொடுக்காது என்று 1798ல் ஆங்கிலேய அறிஞர் மால்தஸ் சொன்ன பஞ்சம் அவர் சொன்னபடி வரவில்லை. சரி, அந்த விளைச்சல் எதிலிருந்து வந்தது? புதிய ரகங்கள், பாசனம், அப்புறம் உரம். காற்றிலிருக்கும் நைட்ரஜனை அம்மோனியாவாக மாற்றும் ஹேபர்-பாஷ் முறை 1913ல் ஜெர்மனியில் தொழிற்சாலை அளவுக்கு வந்தது, இன்று உலகில் பாதிப் பேருக்கு அந்த உரம் இல்லாமல் சாப்பாடு இல்லை என்று மதிப்பிடுகிறார்கள். அதைத் தயாரிக்க இயற்கை எரிவாயு வேண்டும், வயலில் மிஞ்சுவது ஆற்றோடு கடலுக்குப் போகிறது, மிசிசிப்பி ஆறு கலக்கும் மெக்சிகோ வளைகுடாவில் ஒவ்வொரு கோடையிலும் ஆக்சிஜன் மிகக் குறைந்த பெரும்பரப்பு உண்டாவது அதனால்தான். நிலத்தின் மேல் இருந்த அழுத்தம் எரிவாயுவுக்கும் கடலுக்கும் இடம் மாறியிருக்கிறது. ஆகவே தொழில்நுட்பம் தீர்த்தது என்று யாராவது சொன்னால், அழுத்தம் எங்கே போனது என்று கேளுங்கள். நிஜமாகவே குறைந்த இடங்களும் உண்டு, பதில் சொல்ல முடிந்தால் ஒத்துக்கொள்ளலாம்.

தொடங்கும் ஆண்டையும் முடியும் ஆண்டையும் யார் தேர்ந்தெடுத்தார்கள் என்றும் பாருங்கள். 1980ல் எர்லிக்கும் பொருளாதாரப் பேராசிரியர் ஜூலியன் சைமனும் பந்தயம் கட்டினார்கள்: செம்பு, குரோமியம், நிக்கல், தகரம், டங்ஸ்டன் ஐந்தும் சேர்த்து 1,000 டாலர், பத்து வருடத்தில் விலை ஏறுமா இறங்குமா என்று. அந்தப் பத்து வருடத்தில் உலகில் 80 கோடிக்கு மேல் ஆட்கள் கூடினார்கள், ஆனால் பணவீக்கம் கழித்துப் பார்த்தால் விலை இறங்கியிருந்தது, 1990ல் எர்லிக் 576.07 டாலருக்குக் காசோலை அனுப்பினார். கதை இதோடு முடிந்த மாதிரி இன்றும் எழுதுகிறார்கள். பிற்பாடு வேறு வேறு ஆண்டில் தொடங்கிக் கணக்குப் போட்டவர்கள், பல பத்தாண்டுகளில் எர்லிக்தான் ஜெயித்திருப்பார் என்று காட்டினார்கள். என்னைக் கேட்டால் அந்தப் பந்தயமே வீண், உலோக விலை வட்டி, போர், சுரங்க வேலைநிறுத்தம் எல்லாவற்றுக்கும் ஆடும்.

தீர்வு என்று ஒன்றைச் சொன்னால்

எத்தனை வருடத்தில் பலன் தரும் என்ற ஒரே கேள்வி போதும். மேலே சொன்ன முப்பது வருடத் தாமதம் இங்கேதான் வருகிறது. 2050 வரை கூடப்போகும் மக்களில் மூன்றில் இரண்டு பங்கு ஏற்கெனவே பிறந்துவிட்ட இளந்தலைமுறையின் உந்துதலால் வருவது என்று ஐ.நா.வின் 2022 அறிக்கை சொல்கிறது. அடுத்த பத்து வருடத் தண்ணீர்ப் பஞ்சத்துக்குப் பிறப்புக் கட்டுப்பாடு மருந்தாகாது, அதற்குப் பாசனத்தையும் பயிரையும் வீணாவதையும்தான் பார்க்க வேண்டும். (2022ல் மட்டும் 105 கோடி டன் உணவு வீடுகளிலும் கடைகளிலும் உணவகங்களிலும் குப்பைக்குப் போனது.) ஐம்பது வருடத்துக்கு அப்பால் பார்த்தால் குடும்ப அளவு பெரிய விஷயம்.

அதிலும் கட்டாயம்தான் பலித்தது என்று சொன்னால் ஆண்டுகளைச் சரிபாருங்கள். சீனா ஒரு குழந்தைத் திட்டத்தைக் கொண்டுவந்தது 1980 வாக்கில், ஆனால் அங்கே ஒரு பெண்ணுக்கான குழந்தைச் சராசரி 6க்கு அருகிலிருந்து 3க்கும் கீழே இறங்கியது அதற்கு முந்தைய பத்து வருடத்தில். ஈரானில் 1980களின் தொடக்கத்தில் 6க்கு மேல் இருந்தது, 2000களின் தொடக்கத்தில் 2 அளவுக்கு வந்துவிட்டது. ஒரு குழந்தைச் சட்டம் எதுவும் இல்லை, கிராமச் சுகாதார நிலையங்களில் கருத்தடைச் சாதனம் கிடைத்தது, பெண்கள் படித்தார்கள், பிறந்த குழந்தைகள் பிழைத்தார்கள். வங்கதேசமும் ஏறக்குறைய அப்படித்தான் இறங்கியது.

இதையெல்லாம் நீங்கள் இருக்கும் பகுதிக்குச் செய்ய நினைத்தால் ஒரு வளத்தை மட்டும் எடுங்கள், தண்ணீர் எடுப்பது எளிது. இருபது, முப்பது வருட இடைவெளியில் இரண்டு ஆண்டுகள், அந்த இரண்டு ஆண்டிலும் மக்கள்தொகை, மொத்தமாக எடுத்த நீர். வகுத்து, பிரித்து, ஆட்களால் எவ்வளவு, ஆளுக்கு ஆகும் அளவால் எவ்வளவு என்று எழுதுங்கள். அப்புறம் எடுத்த நீரில் வயலுக்கு, ஆலைக்கு, வீட்டுக்கு எவ்வளவு என்று ஒரு வரி. நாட்டு அளவு எண்கள் ஐ.நா. மக்கள்தொகைப் பிரிவிலும் உணவு வேளாண் அமைப்பின் அக்வாஸ்டாட் தளத்திலும் இலவசமாகக் கிடைக்கும். எடுத்த நீர் வேறு, செலவான நீர் வேறு, மின்நிலையம் குளிரூட்ட எடுத்த நீரில் பெரும்பகுதி ஆற்றுக்கே திரும்பிவிடும், ஆகவே இரண்டு ஆண்டுக்கும் ஒரே பட்டியலிலிருந்து எடுங்கள்.